பொன்முடியில் காலம் மெதுவாக ஓடாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். செங்கோட்டையிலிருந்து எழுதுகிறேன். எனக்கு 72 வயது. கடைத்தெருவில் நாற்பது வருஷத்துக்கு மேல் கடிகாரம் பழுது பார்த்தவன். எனக்கு முன்னால் அதே கடையில், அதே மேஜையில் என் அப்பா உட்கார்ந்திருந்தார். இப்போது அந்த இடத்தில் செல்போனுக்கு உறை விற்கிறார்கள். கண்ணில் பொருத்தும் லென்ஸும் இரண்டு ட்வீசரும் ஒரு தகர டப்பா நிறைய திருகாணிகளும் மட்டும் என்னோடு வீட்டுக்கு வந்து சேர்ந்தன.

சென்ற ஞாயிறு இணைப்பில் நீங்கள் வெளியிட்ட விஞ்ஞானக் கதையைப் பற்றித்தான் இந்தக் கடிதம். கதை நன்றாகத்தான் இருந்தது. இரண்டு தடவை படித்தேன். ஆனால் அதில் இரண்டு தப்பு இருக்கிறது, ஒரு அநியாயம் இருக்கிறது. தப்புகளைச் சீக்கிரம் சொல்லிவிடுவேன். அநியாயத்துக்குத்தான் கொஞ்சம் இடம் வேண்டும்.

கதையைப் படிக்காதவர்களுக்காக ஒரு வார்த்தை. திருவனந்தபுரத்துப் பக்கம் இருக்கிற பொன்முடி மலை மேல் ஒரு பழைய பங்களா. அதில் ஓய்வுபெற்ற பேராசிரியர் ஒருவர். அவர் கண்டுபிடித்தது 'கண அகலக் கோட்பாடு'. காலம் ஆற்றுத் தண்ணீர் மாதிரி தானாக ஓடுவதில்லையாம். அது ஒரு முழு நேந்திரங்காய் மாதிரி அப்படியே கிடக்கிறதாம். (நேந்திரங்காய் என் உவமை. கதாசிரியர் ரொட்டி என்று எழுதியிருந்தார். எங்கள் பக்கத்தில் ரொட்டியை யார் நறுக்குகிறார்கள்?) பார்க்கிறவன்தான் அதைத் துண்டு துண்டாகச் சீவுகிறான். ஒரு சீவல் ஒரு கணம். மெல்லிசாகச் சீவுகிறவனுக்கு ஒரு மணி நேரத்தில் நிறைய கணம் கிடைக்கும், அவனுக்கு உலகம் மெதுவாக நகரும். தடிமனாகச் சீவுகிறவனுக்குப் பொழுது விடிவதும் அடைவதும் தெரியாது. ஒவ்வொருவர் கத்தியும் வேறு. அதனால் இரண்டு பேருக்குப் பொதுவான நேரம் என்று ஒன்று கிடையவே கிடையாது, கடிகாரம் என்பது ஊர் கூடி ஒப்புக்கொண்ட ஒரு பொய். இதுதான் பேராசிரியரின் முடிவு.

இது கதை என்று மேலே சின்ன எழுத்தில் போட்டிருந்தீர்கள். ஆனால் நடுவில் கட்டம் கட்டி ஒரு சமன்பாடும் போட்டுவிட்டீர்கள். எங்கள் ஊர் டீக்கடையில் சின்ன எழுத்தை யாரும் படிக்கவில்லை, கட்டத்தை எல்லோரும் படித்தார்கள். என் மருமகளின் ரவிக்கையைத் தைக்க வாங்கி மூன்று வாரமாகத் தராமல் இழுத்தடிக்கும் தையல்காரர் அன்றைக்கே சொன்னார்: "அண்ணாச்சி, உங்க கண அகலம் வேற, என் கண அகலம் வேற. எனக்கு இன்னும் ரெண்டு நாள்தான் ஆயிருக்கு." ரவிக்கை இன்னும் வரவில்லை.

சரி, முதல் தப்பு. பொன்முடியின் உயரத்தில் காலம் மெதுவாக ஓடுவதாகவும், அதனால்தான் பேராசிரியர் அந்த பங்களாவைத் தேர்ந்தெடுத்ததாகவும், அதற்கு ஐன்ஸ்டைன் சாட்சி என்றும் கதையில் வருகிறது. ஐன்ஸ்டைன் சொன்னது நேர் தலைகீழ். பூமியிலிருந்து மேலே போகப் போகக் கடிகாரம் வேகமாக ஓடும். அது எத்தனை வேகம்? பொன்முடி கடல் மட்டத்துக்கு மேல் ஏறக்குறைய 1,100 மீட்டர். அங்கே வைத்த கடிகாரம் கடற்கரைக் கடிகாரத்தைவிட ஒரு வருஷத்தில் ஏறக்குறைய 4 மைக்ரோ நொடி, அதாவது ஒரு நொடியைப் பத்து லட்சமாகப் பிரித்தால் அதில் நான்கு பங்கு, முந்தும். நூறு வருஷம் மலை மேலேயே இருந்தாலும் ஒரு தடவை கண்ணிமைக்கும் நேரம்கூடச் சேராது. கதையில் பேராசிரியர் ஆறு மாதத்தில் கீழே இருக்கிற தம்பியைவிட இளமையாகிவிடுகிறார்.

இதெல்லாம் வெறும் காகிதக் கணக்கு என்று நினைக்க வேண்டாம். 1971-இல் ஹாஃபெலே, கீட்டிங் என்ற இரண்டு அமெரிக்கர்கள் சீசியம் அணுக் கடிகாரங்களைச் சாதாரண பயணிகள் விமானத்தில் ஏற்றிக்கொண்டு உலகத்தைச் சுற்றி வந்தார்கள், கிழக்கு நோக்கி ஒரு தடவை, மேற்கு நோக்கி ஒரு தடவை. இறங்கி ஒப்பிட்டபோது கிழக்கே போனது பிந்தியிருந்தது, மேற்கே போனது முந்தியிருந்தது. எல்லாம் நானோ நொடிக் கணக்கு. இன்றைக்குப் புளியரை சோதனைச் சாவடியில் நிற்கிற லாரி டிரைவர் போனில் வழி பார்க்கிறாரே, அந்த ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையில் இருப்பதைவிட நாளுக்கு 38 மைக்ரோ நொடி முந்துகின்றன. அதைத் திருத்தாமல் விட்டால் லாரி தென்மலைக்குப் பதிலாக வேறெங்கோ நிற்பதாகப் போன் காட்டும். இந்த வித்தியாசமெல்லாம் பார்க்கிறவன் இல்லாமலே நடப்பது. விமானத்தில் கடிகாரத்துக்குப் பக்கத்தில் இருந்தவர் தூங்கினாரா, பயந்தாரா என்று அது கேட்கவில்லை. ஐன்ஸ்டைனின் 'பார்வையாளர்' என்பது கடிகாரம் எங்கே இருக்கிறது, எத்தனை வேகத்தில் போகிறது என்பதுதான்; கதையின் பார்வையாளர் ஒரு மனுஷனின் மனசு. இரண்டையும் ஒரே பாத்திரத்தில் போட்டுக் கலக்கியதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

இரண்டாவது தப்பு சின்னது. கடிகாரம் பன்னிரண்டு அடிக்கும்போது 'சரியாகச் சூரியன் உச்சியைத் தொட்டது' என்று ஒரு வரி. நம் கடிகாரங்கள் காட்டுவது 82.5 பாகை கிழக்குத் தீர்க்கரேகையின் நேரம். பொன்முடியும் செங்கோட்டையும் அதற்கு ஐந்து பாகைக்கு மேல் மேற்கே கிடக்கின்றன. ஒரு பாகைக்கு 4 நிமிடம். ஆகவே எங்கள் தலைக்கு மேல் சூரியன் உச்சிக்கு வருவது சராசரியாக 12.21-க்கு. நவம்பர் முதல் வாரத்தில் 12.05-க்கே வந்துவிடும், பிப்ரவரி நடுவில் 12.35 ஆகும். கடை வாசலில் ஒரு கம்பை நட்டு, நிழல் குட்டையாவதைப் பார்த்து அப்பா எனக்குக் காட்டியது இது. இந்த நேரமும் 1906 ஜனவரி முதல் தேதியிலிருந்துதான். 1904-இல் எங்கள் மலையைக் குடைந்து கொல்லத்துக்கு ரயில் விட்டபோது ரயில்களுக்குச் சென்னை நேரம், இப்போதைய நேரத்துக்கு 9 நிமிடம் பின்னால்.

தப்புகள் முடிந்தன. இனி கதையில் சரியாக இருப்பதையும் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் நானும் அநியாயக்காரன் ஆவேன். ஒரே நேரம் ஆளுக்கு ஆள் வேறாகத் தெரிகிறது என்பது உண்மை. கடிகாரக் கடைக்காரனுக்கு அது தினசரி அனுபவம். "நொடி முள் நின்னு நின்னு போகுது" என்று நல்ல கடிகாரத்தைக் கொண்டுவருகிறவர்கள் மாதத்தில் இரண்டு பேராவது இருப்பார்கள். திறந்து பார்த்தால் ஒரு குறையும் இருக்காது. அப்பா அதற்கு ஒன்றும் செய்ய மாட்டார். மூடியைத் துடைத்துத் திருப்பிக் கொடுத்து, காசு வாங்காமல் அனுப்புவார். காரணம் அவருக்கும் தெரியாது. பின்னால்தான் நான் படித்தேன். வேறெங்கோ இருந்த கண் சட்டென்று முள்ளின் மேல் தாவும்போது, தாவுகிற அந்த நேரத்தில் மூளைக்கு ஒன்றும் தெளிவாகத் தெரிவதில்லை. அந்த ஓட்டையை, தாவி முடித்ததும் பார்த்த காட்சியைக் கொண்டே மூளை பின்தேதியிட்டு அடைத்துவிடுகிறது. அதனால் முதல் நொடி மட்டும் நீளமாகத் தெரியும், அடுத்த நொடியிலிருந்து சரியாகிவிடும். இப்போதே சுவர்க் கடிகாரத்தை ஒரு தடவை வெடுக்கென்று திரும்பிப் பாருங்கள்.

காய்ச்சல் வந்தாலும் இப்படித்தான். 1930-களில் ஹோக்லண்ட் என்ற அமெரிக்க உடலியல் விஞ்ஞானி காய்ச்சலில் கிடந்த மனைவிக்கு மருந்து வாங்கப் போய்ச் சீக்கிரமாகவே திரும்பினார். "இவ்வளவு நேரமா?" என்று அந்த அம்மா கேட்டார். இவர் உடனே கடிகாரத்தைக் கையில் எடுத்துக்கொண்டு, மனதுக்குள் அறுபது நொடி எண்ணச் சொன்னார். காய்ச்சல் ஏற ஏற, நிமிடம் முடிவதற்கு வெகுமுன்பே அந்த அம்மா அறுபதை எண்ணி முடித்துவிட்டார். இதைப் படித்த பிறகு என் வீட்டிலும் ஒரு தடவை முயன்றேன். "கஞ்சி வச்சுத் தர வழியில்ல, எண்ணச் சொல்ல வந்துட்டீகளாக்கும்" என்று கேட்டு முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள். விஞ்ஞானி மனைவிக்குப் பொறுமை அதிகம்.

கதையில் வருகிற 'கணம்' என்ற கற்பனைக்கும் ஒரு பூர்வீகம் உண்டு. 1860-இல் ஃபான் பேர் என்ற உயிரியல் அறிஞர் ரஷ்யாவில் ஒரு சொற்பொழிவில் இதையே வேறு விதமாகக் கேட்டார். எண்பது வருஷ ஆயுள் ஆயிரத்தில் ஒரு பங்காகச் சுருங்கி 29 நாளில் முடிந்துவிட்டால், ஆனால் அதற்குள் நாம் பார்க்கிற கணங்களின் எண்ணிக்கை குறையாமல் அப்படியே இருந்தால், உலகம் எப்படித் தெரியும்? நிலா ஒரே ஒரு தடவைதான் வளர்ந்து தேயும். மழைக்காலம், வெயில் காலம் என்பதெல்லாம் முன்னோர் சொல்லக் கேட்ட கதையாகிவிடும். என்ன அழகான கேள்வி! உங்கள் கதாசிரியர் இதைப் படித்திருந்தால் பேராசிரியரை இன்னும் கொஞ்சம் மரியாதையாக நடத்தியிருப்பார்.

ஆபத்தில் காலம் மெதுவாகிறது என்பதைத்தான் பேராசிரியர் தன் பெரிய ஆதாரமாகக் காட்டுகிறார். எனக்கும் நடந்திருக்கிறது. சாரல் நேரத்தில் ஐந்தருவியில் பாசியில் கால் வழுக்கி விழுந்தேன். விழுகிற அந்த ஒரு நொடிக்குள் யாரோ தவறவிட்ட சோப்பு டப்பா தண்ணீரில் சுற்றுவதையும், அதன் மூடி ஊதா நிறம் என்பதையும், பக்கத்தில் எண்ணெய் தேய்த்து நின்றவர் வாயைத் திறப்பதையும் நிதானமாகப் பார்த்ததாக இன்றைக்கும் சத்தியம் செய்வேன். ஆனால் 2007-இல் டேவிட் ஈகிள்மன் என்ற நரம்பியல் அறிஞர் குழுவினர் வெளியிட்ட சோதனையைப் பாருங்கள். ஆட்களை 31 மீட்டர் உயரத்திலிருந்து மல்லாக்க வலையில் விழ விட்டார்கள். கையில் கைக்கடிகாரம் மாதிரி ஒரு கருவி. அதில் எண்கள் சாதாரணமாகப் படிக்க முடியாத வேகத்தில் மாறி மாறி மின்னும். காலம் நிஜமாகவே மெதுவானால் விழும்போது அந்த எண்களைப் படிக்க முடிய வேண்டும். யாராலும் முடியவில்லை. ஆனால் விழுந்து எழுந்தவர்கள், மற்றவர் விழுந்ததைவிடத் தான் விழுந்தது சராசரியாக மூன்றில் ஒரு பங்குக்கு மேல் நீளமாக இருந்ததாகச் சொன்னார்கள். அதாவது, விழும்போது சீவல் மெல்லிசாகவில்லை. விழுந்த பிறகு ஞாபகம்தான் தடித்துவிட்டது. என் ஊதா டப்பாவும் அப்படித்தான் என்று ஒப்புக்கொள்ள எனக்கு ஒரு மாதம் ஆனது.

இனி அநியாயத்துக்கு வருகிறேன்.

கதையின் நடுவில் பேராசிரியருக்கு ஒரு உதவியாளன் இருக்கிறான், சின்னப் பையன். விளக்கு எரிந்ததும் பொத்தானை அமுக்க வேண்டும், அதுதான் வேலை. அவன் எப்போதும் பேராசிரியரைவிட ஒரு இமைப்பொழுது பிந்துகிறான். "உன் கணம் என் கணத்தோடு ஒருநாளும் சேராது, நீ வேறொரு காலத்தில் வாழ்கிறாய்" என்று சொல்லி, பேராசிரியர் அவனை மழையில் மலையிறக்கிவிடுகிறார். கதை அதைப் பெரிய தத்துவமாகக் கொண்டாடுகிறது. பையன் அப்புறம் வருவதே இல்லை.

எங்கள் கடையிலும் ஒரு பையன் இருந்தான். 1960-களின் கடைசி. ஆரியங்காவிலிருந்து தினமும் மீட்டர்கேஜ் ரயிலில் குகை தாண்டி வருவான். என்னைவிட இரண்டு வயது மூத்தவன். கை சுத்தம், வேலை சுத்தம். ஹேர் ஸ்பிரிங்கை, அதாவது கடிகாரத்துக்குள் இருக்கும் முடி மாதிரியான சுருள் வில்லை, அவன் நிமிர்த்துவதைப் பார்த்து அப்பாவே மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பார். ஒரே ஒரு குறை. பழுது பார்த்த கடிகாரங்களுக்கு நேரம் வைப்பது ரேடியோவில் செய்திக்கு முன்னால் வரும் பீப் சத்தத்துக்கு. எங்களுக்கு மலைக்கு அந்தப் பக்கத்து நிலையம்தான் தெளிவாகக் கேட்கும், 'ஆகாசவாணி, திருவனந்தபுரம்'. நொடி முள் பன்னிரண்டில் இருக்கும்படி பேலன்ஸ் வீலை (உள்ளே இப்படியும் அப்படியும் ஆடுகிற சக்கரம்) நிறுத்திப் பிடித்திருந்து, கடைசிப் பீப்புக்கு விட வேண்டும். அப்பா ஒரு கடிகாரத்தை விடுவார், அதே பீப்புக்கு அவன் இன்னொன்றை விடுவான். பிறகு அப்பா இரண்டையும் பக்கத்தில் வைத்து லென்ஸை மாட்டிப் பார்ப்பார். அந்தக் காலத்து எச்.எம்.டி. ஒரு நொடிக்கு ஐந்து டிக் அடிக்கும். அவன் விட்டது எப்போதும் ரெண்டு டிக் பின்னால் நிற்கும். ஒருநாள் கூட முன்னால் வந்ததில்லை, ஒருநாள் கூடச் சரியாக நின்றதில்லை.

நம்ம ஊரில் அந்த ரெண்டு டிக் யாருக்கும் வேண்டியதில்லை. கல்யாணத்துக்கு முகூர்த்தம் பார்க்கிறவர்கூட ஐந்து நிமிடம் முன்னே பின்னே விடுவார். அப்பாவுக்கு மட்டும் வேண்டியிருந்தது. "ஏல, காது எங்க இருக்கு உனக்கு?" என்று முதலில் கேட்டார். அப்புறம் "கை மந்தம்" என்றார். ஆறு மாதம் பார்த்துவிட்டு, ஒரு மாதச் சம்பளமும் ஒரு வேட்டியும் கொடுத்து அனுப்பிவிட்டார். அவன் அழவில்லை. சாயங்கால ரயிலுக்கு நேரம் இருக்கிறதா என்று கடைச் சுவரில் இருந்த கடிகாரத்தைப் பார்த்துவிட்டுப் போனான். அவன் இடத்தில்தான் நான் உட்கார்ந்தேன்.

இருபது வருஷம் கழித்து, நூலகத்தில் ஒரு பழைய அறிவியல் இதழில் கிரீனிச் வானாய்வகத்தின் கதையைப் படித்தேன். அங்கே தலைமை வானியலாளர் மாஸ்கெலின். உதவியாளர் கின்னெப்ரூக் என்ற இளைஞர். தொலைநோக்கியில் ஒரு நட்சத்திரம் கம்பியைக் கடக்கிற கணத்தைக் கண்ணால் பார்த்து, பக்கத்துக் கடிகாரத்தின் டிக் டிக்கைக் காதால் கேட்டு, ஒரு நொடியில் பத்தில் எத்தனை பங்கு என்று குறிக்க வேண்டும். கின்னெப்ரூக் குறித்தது மாஸ்கெலின் குறித்ததைவிட 0.8 நொடி பிந்தியிருந்தது. எச்சரித்தும் மாறவில்லை. 1796-இல் அவரை வேலையை விட்டு அனுப்பிவிட்டார்கள். படித்துக்கொண்டே வந்தவன் அந்த வரியில் நின்றுவிட்டேன். அப்பா அப்போது உயிரோடு இல்லை.

பின்னால் நடந்ததுதான் முக்கியம். இருபது வருஷத்துக்கும் மேல் கழித்து பெஸ்ஸல் என்ற ஜெர்மன் வானியலாளர் அந்தப் பழைய பதிவேட்டுச் செய்தியைக் கவனித்தார். அந்தப் பையன் சோம்பேறியாக இருந்திருப்பான் என்று அவர் நினைக்கவில்லை. தன்னையும் தன்னைப் போலப் பேர்பெற்ற வானியலாளர்களையும் அதே மாதிரி ஒப்பிட்டுப் பார்த்தார். அவர்களுக்குள்ளும் வித்தியாசம் இருந்தது, சிலரோடு ஒரு நொடிக்கும் மேல். எல்லோரும் யாரோ ஒருவருக்குக் கின்னெப்ரூக்தான். அதற்குப் பிறகு ஒவ்வொரு வானியலாளருக்கும் ஒரு எண்ணைக் கண்டுபிடித்து வைத்துக்கொண்டார்கள். இவர் பார்த்தால் இவ்வளவு கூட்டு, அவர் பார்த்தால் இவ்வளவு கழி. ஆள் திருத்தம் என்று சொல்லலாம். யாரையும் வேலையை விட்டு அனுப்ப வேண்டியதில்லை. அப்பாவுக்கு இது தெரிந்திருந்தால் அவனிடம் சொல்லியிருக்கலாம்: ஏல, நீ விடு, நான் ரெண்டு டிக் கூட்டிக்கிடுதேன்.

2018-இல் மலைப்பாதையை அகலமாக்கி ரயிலை மறுபடி விட்டார்கள் இல்லையா, எட்டு வருஷம் கழித்து? அந்த மாதமே ஒருநாள் ஏறினேன். குகைக்குள் நுழைந்ததும் பெட்டியில் இருந்த பிள்ளைகள் எல்லாம் கூச்சல் போட்டன. நான் கையில் இருந்த கடிகாரத்தைக் காதில் வைத்துக்கொண்டேன். ஆரியங்காவில் இறங்கி விசாரித்தேன். அவர் சிப்ஸ் கடை வைத்திருக்கிறார். பெரிய இரும்புச் சட்டி, கொதிக்கிற தேங்காய் எண்ணெய். அதற்கு மேல் பலகையைப் பிடித்து நேந்திரங்காயை நேரே எண்ணெயில் சீவுகிறார். சர், சர், சர் என்று ஒரே தாளம், ஒரே தடிமன். என்னை அடையாளம் தெரியவில்லை. கடிகாரக் கடை என்றதும் சிரித்தார். கட்டஞ்சாயா வாங்கிக் கொடுத்தார். நான் கிரீனிச் கதையைச் சொன்னேன், பீப் சத்தத்தையும் ரெண்டு டிக்கையும் நினைவுபடுத்தினேன்.

"தம்பி, அதுல என்ன ரகசியம் இருக்கு? உங்கப்பா பீப்போட சேர்ந்து விடுவாரு. நான் பீப்பைக் கேட்டப்புறம் விடுவேன். கேக்காம எப்படி விடுறது?"

ஐம்பது வருஷம் என் மனதில் கிடந்த முடிச்சு இது. அவர் சட்டியைப் பார்த்துக்கொண்டே அவிழ்த்துவிட்டார். அவர் சொன்னது விஞ்ஞானமும்தான். தாளத்தோடு சேர்ந்து கையைத் தட்டச் சொன்னால் பெரும்பாலோர் சத்தத்துக்கு ஒரு துளி முன்னாலேயே தட்டிவிடுகிறார்கள், அடுத்தது எப்போது என்று முன்கூட்டியே கணித்துவிடுவதால். சத்தத்தைக் கேட்டு, பிறகு கையை அசைக்கச் சொன்னால் நொடியில் பத்தில் ஒரு பங்குக்கு மேலேயே பிந்தும். அப்பா கடைசிப் பீப்பைக் கேட்கவில்லை, ஊகித்தார். பையன்தான் கேட்டான். ரேடியோ சொன்ன நேரத்துக்குக் கிட்டத்தில் நின்றது அப்பாவின் கடிகாரம் என்பதும் சரிதான். இரண்டு பேருக்கும் கிடைத்தது ஒரே பீப். விதி வேறு, அவ்வளவுதான். இதை யாரும் அவனிடம் கேட்கவில்லை.

எல்லைப் பக்கத்தில் வாழ்கிறவனுக்கு இது புதிதில்லை. என் மனைவி புனலூர்க்காரி. 2023-இல் எங்களுக்குச் சித்திரை ஒன்று ஏப்ரல் 14. அவள் அண்ணன் வீட்டில் விஷு ஏப்ரல் 15. சூரியன் மேஷத்துக்குள் நுழைந்தது ஒரே தடவைதான், 14-ஆம் தேதி பிற்பகலில். அஸ்தமனத்துக்கு முன்னால் நுழைந்தால் அன்றைக்கே மாதப் பிறப்பு என்பது நம் வழக்கம். விடிந்து 18 நாழிகைக்குள், அதாவது ஏறக்குறைய மதியம் ஒன்றேகாலுக்குள் நுழைந்தால்தான் அன்றைக்கு, இல்லையென்றால் மறுநாள் என்பது அவர்கள் வழக்கம். 'எங்கள் சூரியன் வேறு, உங்கள் சூரியன் வேறு' என்று மைத்துனரும் நானும் சண்டை போட்டதில்லை. 14-ஆம் தேதி இங்கே மாங்காய்ப் பச்சடி, 15-ஆம் தேதி அங்கே போய்க் கணி கண்டு கைநீட்டம் வாங்கிக்கொண்டு வந்தோம்.

கதையின் கடைசியில் பேராசிரியர் தன் பங்களாவில் இருந்த கடிகாரங்களை எல்லாம் உடைத்துப்போடுகிறார். அதில் மூன்று பெண்டுலம் கடிகாரங்கள். தொழில் முறையில் எனக்கு வயிறு எரிந்தது, அது இருக்கட்டும். நான் கேட்பது ஒன்றுதான். கடிகாரம் பொய் என்றால் பையன் பிந்தினான் என்று இவருக்கு யார் சொன்னது? என் கணம் வேறு, உன் கணம் வேறு என்று இரண்டு பேர் சொல்லிக்கொள்ள இரண்டு பேருக்கும் வெளியே ஒரு டிக் சத்தம் வேண்டும். அதை வைத்துத்தானே பையனை அளந்தார்? அளந்து, துரத்திவிட்டு, பிறகு அளவுகோலை உடைத்தால் எப்படி? 1962-இல் மிஷேல் சிஃப்ரே என்ற பிரெஞ்சுக்காரர் கடிகாரம் இல்லாமல் ஒரு மலைக் குகைக்குள் இரண்டு மாதம் தனியாக இருந்தார். செப்டம்பர் 14 அன்று வெளியே கூப்பிட்டபோது அவர் கணக்கில் ஆகஸ்ட் 20. கிட்டத்தட்ட 25 நாளைத் தொலைத்திருந்தார். மேலே ஆட்கள் நாள்காட்டியோடு உட்கார்ந்திருந்ததால்தான் தொலைத்தது தெரிந்தது. பேராசிரியரின் மலை மேல் அப்படி ஒருவரும் இல்லை. அவருடைய கோட்பாடு தப்பு என்று நிரூபிக்க ஆளே இல்லாத இடமாகப் பார்த்துப் போயிருக்கிறார்.

பொன்முடி வரியையும் பன்னிரண்டு மணி வரியையும் அடுத்த ஞாயிறு திருத்திப் போடும்படி கேட்டுக்கொள்கிறேன். கடிதம் நீண்டுவிட்டது என்று தெரிகிறது. இடம் போதாவிட்டால் விமானத்தையும் விஷுவையும் வெட்டிக்கொள்ளுங்கள், ஐந்தருவியையும் வெட்டலாம். ஆரியங்காவுக்காரர் சொன்னதை மட்டும் வெட்ட வேண்டாம். அவர் தமிழ்ப் பத்திரிகை வாங்குகிறார். சிப்ஸ் மடிக்கத்தான். ஆனாலும் மடிப்பதற்கு முன்னால் ஒரு தடவை படித்துவிடுவார்.

இப்படிக்கு,
பழைய கடிகாரக் கடைக்காரன்,
செங்கோட்டை.